போத்தலுக்கு 25 சென்ட்

நான் ஜெர்மனிக்கு வந்து சேர்ந்தது 2002 மார்கழியில். குளிரைப் பற்றியும் மொழியைப் பற்றியும் எல்லோரும் சொல்லித்தான் அனுப்பினார்கள். குப்பை வாளியைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை.

வீட்டுக்குக் கீழே நாலு பெரிய வாளிகள். காகிதத்துக்கு நீலம், சமையல் கழிவுக்கு மண்நிறம், பேணி பிளாஸ்டிக்குக்கு மஞ்சள், மிச்சம் எல்லாம் கறுப்புக்குள். பால் பெட்டியைக் காகிதம் என்று நினைத்து நீலத்துக்குள் போட்டுவிட்டேன். மேல்வீட்டுக் கிழவி அதைக் கையோடு எடுத்துவந்து கதவைத் தட்டினார். உள்ளே பிளாஸ்டிக் ஒட்டியிருக்கிறதாம், அது மஞ்சளாம். கடைப் பற்றுச்சீட்டும் காகிதத்தோடு சேராது. உடைந்த தண்ணீர்க் கிளாசைப் போத்தலோடு போடக் கூடாது, அது உருக வேறு சூடு வேண்டுமாம். போத்தலையும் வெள்ளை, பச்சை, மண்நிறம் என்று பிரிக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை போடவே கூடாது, சத்தம்! ஒருமுறை மஞ்சள் வாளியை எடுக்காமல் சீட்டு ஒட்டிவிட்டுப் போனார்கள். கட்டடத்தில் எல்லோருடைய கண்ணும் எங்கள் கதவில்தான். அன்று பிழை செய்தது நாங்களில்லை என்பது வேறு கதை.

நான் வந்த அடுத்த மாதம், 2003 தையில், ஒருமுறை பாவிக்கும் பிளாஸ்டிக் போத்தலுக்கும் பேணிக்கும் 25 சென்ட் கட்டுப்பணம் வந்தது. வெறும் போத்தலைத் திருப்பிக் கொடுத்தால் காசு. நாலு போத்தல் ஒரு யூரோ. இந்த நாட்டில் எனக்கு உடனே விளங்கிய சட்டம் இது ஒன்றுதான். இலங்கையில், எங்கள் களுவாஞ்சிகுடியில் சோடா வாங்கப் போனால் வெறும் போத்தல் கொண்டுபோக வேண்டும், இல்லாவிட்டால் போத்தல் காசு கட்ட வேண்டும். அதுதானே இது!

உண்மையில் எங்கள் வீட்டில் குப்பை என்று ஒன்று அதிகம் இருக்கவில்லை. சோறு வடித்த கஞ்சித்தண்ணி மாட்டுக்கு. சிரட்டை அடுப்புக்கு. பழைய பேப்பர் கடைக்குப் போய், கடலைச் சரையாகத் திரும்பி வரும். எருமைத் தயிர் வாங்கிய சட்டியில் பச்சைமிளகாய்க் கன்று நிற்கும். இதற்கு யாரும் மீள்சுழற்சி என்று பெயர் வைக்கவில்லை. வறுமையும் அதில் பாதி. அதை அழகு பார்த்துப் பேச எனக்கு விருப்பமில்லை.

அம்மா எங்களிடம் வந்து மூன்று மாதம் நின்றபோது யோகட் கப்புகளை எல்லாம் கழுவி, அலுமாரிக்குள் ஒன்றுக்குள் ஒன்றாக அடுக்கிவைத்தார். “அம்மா, இங்க கழுவவே தேவையில்ல, வழிச்சுச் சாப்பிட்டுட்டு மூடியைத் தனியாக் கழட்டி மஞ்சளுக்குள்ள போட்டாச் சரி” என்றேன். “நல்ல சாமான் மனே, எறியவா வாங்கினீங்க?” என்றார். பதில் சொல்லத் தெரியவில்லை. ஒரு கிழமைக்கு ஒரு மஞ்சள் பை நிறைய நாங்கள் வாங்கியது எறியத்தான்.

பிரிப்பதில் பலன் இல்லை என்று சொல்ல மாட்டேன். கண்ணாடியும் காகிதமும் திரும்பத் திரும்பப் பயன்படுகின்றன. 2005 ஆனிக்குப் பிறகு வீட்டுக் குப்பையை அப்படியே கொண்டுபோய் மேடாகக் கொட்ட இங்கே அனுமதியில்லை. கொழும்புக்குப் பக்கத்து மீதொட்டமுல்லவில் 2017 சித்திரை வருடப் பிறப்பன்று குப்பை மலை சரிந்து 30க்கு மேற்பட்டவர்கள் செத்ததைக் கேட்டவர்களுக்கு இந்தச் சட்டத்தின் அருமை தெரியும். ஆனால் மஞ்சள் வாளிக்குள் போகும் பிளாஸ்டிக்கில் ஒரு பங்கு எரிக்கப்படுகிறது. ஒரு காலம் கப்பலேறிச் சீனாவுக்கும் போனது. 2018இல் சீனா கதவைச் சாத்தியதும் மலேசியா, துருக்கி என்று திசை மாறியது. பிரித்தானியாவிலிருந்து கொழும்புத் துறைமுகத்துக்கு வந்த குப்பைக் கொள்கலன்கள் 2019இல் அம்பலமாகி, 260க்கு மேற்பட்டவை திருப்பி அனுப்பப்பட்டன. அந்தச் செய்தியை வாசித்த நாளிலிருந்து, மஞ்சள் பையின் வாயைக் கட்டும்போது எனக்குக் கொஞ்சம் கூச்சம். ஒழுங்காகப் பிரித்துவிட்டோம் என்ற நிம்மதியிலேயே இன்னும் அதிகம் வாங்குகிறோமோ என்ற சந்தேகமும் உண்டு.

2022 தையில் இன்னொரு படம் வந்தது. அம்பாறை, பள்ளக்காட்டுக் குப்பை மேடு. யானைகள் சொப்பிங் பைகளுக்குள் தும்பிக்கையை விட்டுச் சாப்பாடு தேடுகின்றன. எட்டு வருடத்தில் 20 யானைகள் வரை பிளாஸ்டிக் தின்று செத்தனவாம். எங்கள் ஊரிலிருந்து ஒரு பஸ் தூரம் அது. மெல்லிய பொலித்தீனையும் சோறு சுற்றும் லஞ்ச் சீட்டையும் 2017இலேயே இலங்கையில் தடை செய்தாகிவிட்டது.

பிறகு ஊருக்குப் போனபோது மகளையும் கூட்டிக்கொண்டு போனேன். மட்டக்களப்பில், கல்லடிப் பாலத்தடியில் தண்ணீர் குடித்துவிட்டு வெறும் போத்தலைக் கையில் வைத்துக்கொண்டே திரிந்தாள். “அப்பா, மெஷின் எங்க இருக்கு?” போத்தலை வாங்கிக்கொண்டு காசு தரும் மெஷின் இங்கே இல்லை என்றேன். எறியவும் மனமில்லை. பின்வளவுக் குழியில் போட்டு எரிப்பார்கள் என்று அவளுக்குச் சொல்ல எனக்கும் வாய் வரவில்லை. வீட்டுக்குப் போனதும் அம்மா அதை வாங்கிக் கழுவி, வெயிலில் கவிழ்த்துக் காயவைத்து, ஜெர்மனிக்குக் கொண்டுபோக நல்லெண்ணெய் ஊற்றித் தந்தார்.

எண்ணெய் முடிய நாலு மாதம் எடுத்தது. மகள் போத்தலைச் சவர்க்காரம் போட்டுக் கழுவிக்கொண்டு கடைக்கு ஓடினாள். இந்த நாட்டு முத்திரை இல்லையென்று மெஷின் அதை வெளியே தள்ளிவிட்டது. திரும்பக் கொண்டுவந்து அலுமாரிக்குள், யோகட் கப்புகளுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டாள்.