பழைய ஹாட் டிஸ்க்கைக் கடையில விட்டிட்டு வராதேங்கோ

ஒட்டுசுட்டானில சின்னதா ஒரு கொமினிகேசன் கடை வச்சிருக்கிறன். ஒன்லைன் விண்ணப்பம் போட வாற சனத்தில பாதிப்பேருக்கு ஈமெயில் இருக்காது, நானே திறந்து குடுத்து பாஸ்வேர்ட்டையும் என்ர கொம்பியூட்டரில இருக்கிற பிறவுசரிலயே (குறோம், ஃபயர்பொக்ஸ்) சேவ் பண்ணிவிடுவன். ஒரு கொப்பியில எழுதி வச்சிருக்கலாம். வைக்கேல்ல.

போன மாசம் கறண்ட் நிண்டு நிண்டு வந்ததில விண்டோஸ் எழும்பாமப் போச்சு. மாங்குளத்தில பஸ் மாறி கிளிநொச்சிக்குக் கொண்டுபோய் ஒரு கடையில குடுத்தன். புது எஸ்எஸ்டி டிஸ்க் போட்டு, "அண்ணை எல்லாம் கொப்பி பண்ணியாச்சு" எண்டு தந்தான் பெடியன். வீட்ட வந்து பாத்தா டெஸ்க்டொப்பும் டொக்கியுமென்ட்ஸும் மட்டும்தான் கிடக்கு, ஒரு பாஸ்வேர்ட்டும் இல்ல. அதெல்லாம் இருக்கிறது ஆப்டேட்டா எண்ட மறைச்சு வச்சிருக்கிற போல்டருக்குள்ள, அதை அவன் தொடவே இல்ல.

பழைய டிஸ்க்கைக் கேட்டு மறுக்காப் போனா கடை பூட்டு. கலியாண வீடாம். மூண்டாந்தரம் போக "அது எறிஞ்சாச்சு அண்ணை" எண்டுறான், எனக்கு வந்த விசருக்கு அளவில்ல, நிண்டு சண்டை பிடிச்ச பிறகுதான் மேசைக்குக் கீழ இருந்த பெட்டிக்குள்ள இருந்து எடுத்துத் தந்தான்.

யூஎஸ்பி வயரில கொழுவ டிஸ்க் திறந்திட்டுது. முதல் குறோமைப் பாத்தன். போல்டரை அப்பிடியே தூக்கிப் புதுசில போட்டா பாஸ்வேர்ட் ஒண்டும் வரேல்ல, ஏனெண்டா அதின்ர திறப்பை பழைய விண்டோஸ் கணக்கோட சேத்துப் பூட்டி வச்சிருக்கு, புது விண்டோஸால அதைத் திறக்க ஏலாது. பாஸ்வேர்ட்டைக் கூகிள் கணக்கிலயும் சேத்து வைக்கிற சிங்க்கைப் போட்டிருந்தா இந்தச் சிக்கலே வந்திருக்காது, டேட்டா போகுமெண்டு நான்தான் போடாம விட்டனான். இதுக்கிடையில இலவசமா மீட்டுத் தாறம் எண்ட ஒரு சொப்ட்வெயரை இறக்கி, அது முதல் மூண்டு எழுத்தைக் காட்டிப்போட்டு டொலர் கேட்ட கதையை விடுவம்.

நல்ல காலம், சனத்தின்ர ஈமெயில் பாஸ்வேர்ட் எல்லாம் ஃபயர்பொக்ஸில கிடந்தது. அதில விண்டோஸ் பூட்டு இல்ல. ஆப்டேட்டாவுக்குள்ள ரோமிங், மொசில்லா, ஃபயர்பொக்ஸ், ப்ரொபைல்ஸ் எண்டு போனா ரெண்டு பைல் கிடக்கும்: லொகின்ஸ் டொட் ஜேசன், கீ4 டொட் டிபி. நான் முதலாவதை மட்டும் கொப்பி பண்ணிப்போட்டு ஒரு பின்னேரம் முழுக்க மினக்கெட்டன். மற்றதுதான் திறப்பு, ரெண்டும் சோடியாப் போகோணும், அதுவும் ஃபயர்பொக்ஸை மூடிப்போட்டு. இரவு பத்தரைக்கு அறுபதுக்கு மேல பாஸ்வேர்ட் வரிசையா வந்து நிண்டுது பாருங்கோ!

பிறகுதான் வயித்தைக் கலக்கினது. எனக்கு இவ்வளவு லேசா வந்தா, அந்த டிஸ்க்கை மேசைக்குக் கீழ வச்சிருந்த பெடியனுக்கும் வந்திருக்குமே. ஃபயர்பொக்ஸுக்குத் தனியா ஒரு பிரைமரி பாஸ்வேர்ட் (முந்தி மாஸ்டர் பாஸ்வேர்ட் எண்டது) போட்டிருந்தாத் தப்பியிருக்கலாம். இப்ப போட்டாச்சு, சனத்தையும் ஒவ்வொருத்தராக் கூப்பிட்டு மாத்திக் குடுக்கிறன்.

முதல் வந்தவ பின்வளவு ஆச்சி. "உங்கட பாஸ்வேர்ட்டை எடுக்க நான் பட்ட பாடு" எண்டு தொடங்க, "லச்சுமி 123 தானே தம்பி, மாட்டின்ர பேரைப் போடச் சொன்னதே நான்தானே" எண்டா.