ஙொய் நாட்டுக்கு ஒரு வரைபடம்

ஏழு வாரமாக எங்கள் மொட்டைமாடித் தகரக்கொட்டகையில் நடக்கிற வேலை இது: தகட்டில் தூவிய மணலில் ஒலி போடும் கோடுகளைக் கொண்டு, இல்லாத ஒரு நாட்டுக்கு வரைபடம் எடுப்பது. தொடங்கி வைத்தவள் என் மகள், நான்காம் வகுப்பு. நெல்லையப்பர் கோயில் மணிமண்டபத்தில் ஒரே கல்லில் செதுக்கிய தட்டினால் இசைக்கும் 48 சிறு தூண்கள் சூழ்ந்து நிற்கும் பெரிய தூணில் காதை ஒட்டிக்கொண்டு நின்றவள், "அப்பா, இதுக்குள்ள ஒரு ஊரு இருக்கும்லா? அங்க சத்தம் போட்டா மலை முளைக்கும்" என்றாள். வீடு வந்து சேர்வதற்குள் அதற்கு ஒரு பெயரும் வந்துவிட்டது: ஙொய் நாடு.

நம் பழைய இலக்கணத்தில் ஒவ்வொரு திணைக்கும் ஒரு யாழும் ஒரு பறையும் உண்டு. நிலம் முதலில், அதற்கேற்ற ஒலி பிறகு. இவள் அதைத் தலைகீழாக்கிவிட்டாள். சரி, ஒலியே நிலத்தைப் போடட்டும், நாம் வரைபடம் மட்டும் எடுப்போம் என்று இறங்கினேன்.

முறை புதிதில்லை. 1680-இல் ஆங்கிலேய விஞ்ஞானி ராபர்ட் ஹூக் கண்ணாடித் தகட்டில் மாவைத் தூவி, ஓரத்தில் வயலின் வில் போன்ற ஒரு வில்லால் இழுத்துப் பார்த்திருக்கிறார். ஜெர்மானியர் எர்ன்ஸ்ட் கிளாட்னி அதை முறையாகச் செய்து 1787-இல் புத்தகமே போட்டார். தகடு அதிரும்போது சில கோடுகள் மட்டும் அசையாமல் நிற்கும். துள்ளுகிற மணல் அங்கே போய் ஒதுங்கும். அவ்வளவுதான் சங்கதி.

முதல் வாரம் வீண். மைக்செட் அண்ணாச்சி ஒருவர் கழித்துப்போட்ட எட்டு அங்குல ஸ்பீக்கரைச் சும்மாவே கொடுத்தார். அதன் நடுக்குமிழில் ஒரு பாட்டில் மூடியை ஒட்டி, மூடியில் போல்ட் இறக்கி, மேலே எவர்சில்வர் தாம்பாளத்தை முடுக்கினேன். செல்போன் செயலியில் சுருதி, பழைய ஆம்ப்ளிஃபயரில் சத்தம். மணல் முழுக்க ஓரத்துக்கு ஓடி விளிம்பில் குவிந்தது. விளிம்பு மடித்த தட்டு இதற்கு ஆகாது. மடிப்பு தகட்டை விறைப்பாக்கிவிடுகிறது. டவுன் கடையில் ஒரு மில்லிமீட்டர் அலுமினியத் தகடு, 24 சென்டிமீட்டர் சதுரமாக வெட்டி வாங்கி வந்த பிறகுதான் விஷயம் நடந்தது.

110 ஹெர்ட்ஸ் பக்கத்தில் ஒரு வளையம். அப்புறம் வெகுதூரம் ஒன்றுமில்லை, மணல் சும்மா நடுங்குகிறது. 300-ஐ நெருங்கும்போது திடீரென்று ஒரு கோடு, அதை வெட்டி இன்னொரு கோடு. ஆயிரத்தைத் தாண்டினால் வரப்பு வரப்பாகப் பிரிகிறது. சுருதியை விரலால் மெல்ல நகர்த்த, ஒரு வடிவம் கலைந்து அடுத்தது உருவாகும் அந்த இரண்டு மூன்று நொடிக்காகவே எத்தனை வாரமும் உட்காரலாம். ஆனால் அந்த உயரத்தில் சத்தம் பல்லைக் கூசவைக்கிறது. காதில் பஞ்சு கட்டாயம்.

என் அம்மா மேலே வந்து பார்த்துவிட்டு, "இதத்தானடே நான் தெனமும் வாசல்ல போடுதேன், கரண்டு செலவில்லாம?" என்றார். அடி சரியாக விழுந்தது. சதுரத் தகட்டை நடுவில் பிடித்து ஆட்டினால் நான்கு பக்கமும் ஒரே மாதிரிதான் வரும். அது கோலம், நாடு அல்ல. எந்த நாட்டின் ஆறு நான்கு மூலைக்கும் சமமாகப் பாய்கிறது?

இடையில் ஒரு கிறுக்குத்தனம். கிளாட்னி கையிலும் வில், எங்கள் கொடை விழாக்களிலும் வில் என்று, வில்லுப்பாட்டு வீசுகோலால் தகட்டைத் தட்டிப் பார்த்தேன். 'டங்' என்றது, மணல் குதித்தது, ஒரு கோடும் விழவில்லை. ஒருமுறை தட்டினால் தகட்டின் எல்லாச் சுருதிகளும் ஒன்றாகக் கிளம்பிவிடுகின்றன. ஒன்றை மட்டும் விடாமல் நிறுத்திப் பிடிக்க வேண்டும். வயலின் வில்லை, ரோசின் என்ற பிசின் தடவி, ஓரத்தில் செங்குத்தாக இழுத்தபோது வடிவம் வந்தது. விரலால் தொட்ட இடத்தில் அசைவற்ற கோடு, வில் இழுத்த இடத்தில் அதிர்வு. கைப்பழக்கம் வேண்டும், எனக்கு வரவில்லை. ஸ்பீக்கருக்கே திரும்பினேன்.

நான்காம் வாரம் தகட்டின் இரண்டு ஓரங்களைத் தகரக் கத்தரியால் கோணல்மாணலாக வெட்டினேன். மேற்கே மலைபோல் கொஞ்சம் நெளிவு, தெற்கே கடற்கரைபோல் ஒரு சரிவு, போல்ட்டும் நடுவை விட்டு இரண்டு விரற்கடை தள்ளி. பழைய சுருதிகள் எல்லாம் இடம் மாறிவிட்டன, மறுபடி ஒவ்வொன்றாகத் தேட வேண்டியிருந்தது. ஆனால் இப்போது வந்ததெல்லாம் நிலம். ஓர் ஆறு மேற்கிலிருந்து வளைந்து இறங்கி, பாதியில் இரண்டாகப் பிரிந்து ஒரு தீவை விட்டுச் சேர்ந்தது. 640 ஹெர்ட்ஸில் வந்த அந்த வடிவத்தைத்தான் ஙொய் நாடு என்று முடிவு செய்தோம்.

அவள் உடனே சட்டம் போட்டாள். மணல் நிற்கும் கோட்டில்தான் வீடு கட்டலாம். மற்ற இடத்தில் கட்டினால் தூக்கி எறிந்துவிடும். சத்தத்தால் ஆன நாட்டில் சத்தமில்லாத கோட்டில்தான் ஆள் குடியிருக்க முடியும் என்பது எனக்கே அப்போதுதான் உறைத்தது. பிறகு கேட்டாள்: "அப்போ சத்தம் உள்ள எடத்துல யாரு இருப்பா?" பதில் இல்லை.

பதில் தேரியிலிருந்து, எங்கள் பக்கத்துச் செம்மணல் மேட்டிலிருந்து, வந்தது. அதுவரை ஆற்றுமணல்தான். சாரல் தொடங்கியதும் அது ஈரம் இழுத்துக் கட்டிகட்டியானது. ரவை வறுக்கிற மாதிரி வாணலியில் வறுத்துத்தான் தூவினேன் (வாணலி இப்போது அடுக்களைக்குள் அனுமதிக்கப்படுவதில்லை). ஒரு கல்யாணத்துக்குத் திசையன்விளை போனபோது தேரிச் செம்மண் ஒரு டிபன் டப்பா நிறைய எடுத்து வந்தேன். அலசாமல், வறுத்து மட்டும் தூவினேன். தடித்த மணல் வழக்கம்போல் கோட்டுக்கு ஓடியது. ஆனால் அதில் கலந்திருந்த மெல்லிய செந்தூள் ஓடவில்லை. கோடுகளுக்கு நடுவே, தகடு மிக வேகமாக ஆடும் இடத்தில், சின்னச் சின்ன மேடாகச் சேர்ந்து புகைபோல் சுழன்றது.

முதலில் தகடு கோணிவிட்டதோ என்று நினைத்தேன். படித்துப் பார்த்தால் மைக்கேல் ஃபாரடே 1831-இலேயே விளக்கியிருக்கிறார். தகடு அதிரும்போது அதன் மேலுள்ள காற்று சுழல்கிறது. கனமான மணலை அந்தக் காற்று அசைக்காது, தூளை மட்டும் அள்ளிக்கொண்டுபோய் அதிர்வு அதிகமான இடத்தில் சேர்க்கிறது. காற்றை எடுத்துவிட்டால் தூளும் கோட்டுக்கே போய்விடும் என்பதையும் அவர் காட்டியிருக்கிறார். அதைச் செய்து பார்க்க என்னிடம் வசதி இல்லை.

ஆகவே ஙொய் நாட்டில் இரண்டு சனம். கனத்தவர்கள் அமைதியில் குடியிருப்பவர்கள். லேசானவர்கள் இரைச்சலின் உச்சியில் சுழன்றுகொண்டே இருப்பவர்கள். ஒலி நின்றால் இவர்கள் அப்படியே படிந்து தூங்கிவிடுவார்கள். இது மகளின் ஏற்பாடு, நான் ஒன்றும் சேர்க்கவில்லை.

படியெடுப்பதுதான் கடைசிச் சிக்கல். கருப்புச் சார்ட் தாளில் பசையை மெல்லிசாகத் தடவி, ஒலியை நிறுத்திவிட்டு மேலிருந்து அமுக்கினேன். முதல் நான்கு தாளில் பசை கூடிப்போய் மண் சேறானது. ஐந்தாவது அருமையாக ஒட்டியது. ஆனால் கண்ணாடியில் பார்க்கிறதுபோல் இடவலம் மாறி வந்துவிட்டது! மலை கிழக்கே, ஆறு மேற்கே ஓடுகிறது. தகட்டைத் திருப்பி மாட்டி மறுபடி எடுக்கலாம் என்று ஆம்ப்ளிஃபயரைக் கூட்டியபோது ஸ்பீக்கருக்குள் இருக்கும் கம்பிச்சுருள் (காயில்) கருகி வாடை வந்தது. தவறு என்னுடையதுதான். அவ்வளவு சத்தத்தில் நாற்பது நிமிடம் ஒரே சுருதியில் விட்டால் பழைய காயில் எப்படித் தாங்கும்?

அடுத்த ஸ்பீக்கருக்கு அண்ணாச்சியிடம் சொல்லி வைத்திருக்கிறேன். மகள் காத்திருக்கவில்லை. இடவலம் மாறிய தாளிலேயே வெள்ளைப் பேனாவால் ஊர்ப்பெயர்களை எழுதிவிட்டாள். செந்தூள் மேட்டில் 'தூங்காதவங்க ஊர்'. ஆறு சேரும் பக்கத்தில் ஒரு அம்புக்குறி போட்டு, 'இங்கதான் சூரியன் உதிக்கும்'.