ஆயாவும் சைனாவும்

பரண்ல பழைய டிரம்ப் கார்டு கட்டு ஒண்ணு கிடைச்சுது. ரப்பர் பேண்டு இத்துப்போய் கார்டோட ஒட்டிக்கினு இருக்கு. பாத்ததும் டபிள்யூ.டபிள்யூ.எஃப் குஸ்தியில சண்டை போட்ட சைனா ஞாபகம்தான்.

காசிமேட்டுல அப்போ எங்க லைன்லயே ரெண்டு வீட்லதான் கேபிள். மீன் கூடையை இறக்கி வெச்சுட்டு, கையில ஒட்டின செதில் காயறதுக்குள்ள ஆயா அந்த வாசப்படியில ஆஜர். "அந்தக் கறுப்பு டிரஸ் பொம்பள வந்துச்சா நைனா?" வேற யார் சண்டையும் அதுக்கு வேணாம்.

1999 அக்டோபர்ல சைனாவுக்கு ஜெஃப் ஜாரெட்டோட மேட்ச். வீட்டுச் சாமானாலதான் அடிக்கணும்னு ரூல். அவன் பட்டத்து பெல்ட்டாலயே அடிச்சு, தோளைத் தரையில அமுக்கி பின் பண்ணிட்டான். பெல்ட்டு வீட்டுச் சாமான் இல்லன்னு ரெஃப்ரி மறுபடி ஆரம்பிக்க வெச்சாரு. சைனா கிடாரைத் தூக்கி ஒரே போடு! இன்டர்கான்டினென்டல் பட்டம் ஜெயிச்ச முதல் பொண்ணு. (முடிவு முன்னாடியே பேசி வெச்சதுதான், தெரியும். அதை ஆயாகிட்ட போய் சொல்லிப் பாருங்க.)

ஆயாவுக்கு ஒரே டவுட்டு: "கித்தார் எந்த வூட்ல கீது?"

அதே வருஷம் ஜனவரியிலதான், ஒருத்தர் பின்னாடி ஒருத்தரா 30 பேர் இறங்கற ராயல் ரம்பிள்ல சைனா 30வது ஆளா இறங்கினாங்க. அதுக்கு முன்னாடி எந்தப் பொண்ணும் அதுல இறங்கல. 2001ல கம்பெனியை விட்டு வெளிய. 2016ல, 46 வயசுல, போயிட்டாங்க. பெரிய ஆளுங்களைக் கௌரவிக்கிற ஹால் ஆஃப் ஃபேம்ல சேத்தது 2019ல. அதுவும் தனியா இல்ல, அவங்க இருந்த டி-ஜெனரேஷன் எக்ஸ் கும்பலோட சேத்து. எனக்கு இன்னும் ஆறல.

கட்டுல சைனா கார்டு மட்டும் காணோம். தம்பியத்தான் கேக்கணும்.