பாடுகல் நாட்குறிப்பு

பிப்ரவரி 9
பாலிதீன் கவரில் போட்டு நர்ஸ் கொடுத்தார். சித்தப்பாவின் வாட்ச், ஸ்படிக மாலை, மோதிரம். கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டேன். ஸ்படிகம் ஜில்லென்று இருந்தது. அவர் கழுத்தில் கிடந்தபோது தொட்டால் இப்படி இருக்காது.

பிப்ரவரி 10
நான் எழுதும் கதை அத்தியாயம் 14-இல் அப்படியே நிற்கிறது. நீலி பாடுகல்லின் முன்னால் நிற்கிறாள், அந்த ஒரு ராத்திரியைத் திருப்பிக் கேட்க. கல் வாய் திறக்கவில்லை.

பிப்ரவரி 11
தூக்கம் வரவில்லை. வாட்சைக் காதில் வைத்துக்கொண்டே படுத்திருந்தேன். விநாடிக்கு ஒரு டிக். ஆனால் உள்ளே இருக்கும் கல் விநாடிக்கு 32,768 தடவை அதிர்கிறது. அதை 15 தடவை பாதி பாதியாக்கினால் ஒன்று வரும். அந்த ஒன்றைத்தான் நாம் விநாடி என்று கேட்கிறோம்.

நாலாம் வகுப்பு லீவில் சித்தப்பாவின் வாட்ச் கடையில் உட்கார்ந்திருந்தேன். ஒரு வாட்சின் பின்மூடியைத் திறந்து, லென்ஸை என் கண்ணில் வைத்துக் காட்டினார். நெல்மணி அளவில் ஒரு உலோகக் குப்பி. "இதுக்குள்ளதான்ட்டி கல்லு இருக்கு. கவை மாதிரி ரெண்டு கால் உண்டு. பாடிக்கிட்டே இருக்கு, கேக்குதா?" கேட்கவில்லை என்றேன். "நமக்குக் கேக்காது. வௌவாலுக்குக் கேக்கும்."

நீலியும் அவளுடைய மலையும் அங்கேதான் பிறந்தார்கள். இதை நான் அவரிடம் சொன்னதே இல்லை.

பிப்ரவரி 12
சித்தி இன்றும் சாப்பிடவில்லை.

பிப்ரவரி 14
குவார்ட்ஸ், அதுதான் அந்தக் கல், அதன் மேல் அவருக்கு எவ்வளவு கோபம் இருந்தது! 1969 கிறிஸ்துமஸ் அன்று டோக்கியோவில் முதல் குவார்ட்ஸ் கைக்கடிகாரம் விற்பனைக்கு வந்தது. அந்த வருஷத்தை யாரோ வீட்டில் தீ வைத்த நாள் மாதிரி சொல்லுவார். சாவி வாட்சின் முடி போன்ற சுருள்கம்பியை, ஹேர்ஸ்பிரிங்கை, மூச்சடக்கி நிமிர்த்தத் தெரிந்த கை அது. கடைசியில் செல் மாற்றிக்கொண்டிருந்தது.

ஆனாலும் செத்துப்போன வாட்சுகளின் கல்லை அவர் எறிந்ததில்லை. பழைய பிலிம் ரோல் டப்பாவில் சேர்த்து வைப்பார். எதுக்கு என்று கேட்டேன். "வாட்சுதான போச்சு? கல்லு உசிரோடதான இருக்கு." என் கதையில் கற்களுக்கு நினைவு வந்தது இந்த ஒரு வார்த்தையால்தான்.

அந்த டப்பா எங்கே?

பிப்ரவரி 15
வலி தெரிகிறதா என்று இன்று அவர் நகத்தை பேனாவால் அழுத்திப் பார்த்தார்கள். முகம் சுருங்கியது. "நல்ல அறிகுறி" என்றார் டாக்டர். எனக்கு வெளியே வந்து உட்காரத்தான் முடிந்தது.

பதிமூன்று அத்தியாயமாக, காலம் மடக்குகிறவர்கள் கல்லைச் சுத்தியலால் அடிக்கிறார்கள், கல் அலறுகிறது, நேரம் பின்னால் போகிறது. இதை எப்படி எழுதினேன்? நெல்லையப்பர் கோயில் இசைத் தூண்களைச் சின்ன வயதில் தட்டிப் பார்த்துத் திட்டு வாங்கியிருக்கிறேன். திட்டியவர் சரி.

கியூரி சகோதரர்கள் 1880-இல் கண்டுபிடித்தது, இந்தக் கல்லை அழுத்தினால் மின்சாரம் வரும் என்பது. சரி, வரும். ஆனால் வாட்சுக்குள் யாரும் அதை அடிப்பதில்லை. கல் லேசாக அதிரும்போது வருகிற துளி மின்சாரத்தைச் சர்க்யூட் வாங்கி, கொஞ்சம் பலம் சேர்த்து, அதன் தாளத்திலேயே அதனிடம் திருப்பிக் கொடுக்கிறது. கல் மறுபடி அதிர்கிறது. செல் தீரும்வரை அவ்வளவுதான் நடக்கிறது.

சுத்தியலை எடுத்துவிட்டால் பதிமூன்று அத்தியாயமும் போய்விடும். போகட்டும்.

பிப்ரவரி 16
அதே நிலை.

பிப்ரவரி 17
அவர் வாட்ச் போனைவிட 2 விநாடி பின்தங்கிவிட்டது. 9-ஆம் தேதி சரியாக இருந்தது, நானே பார்த்தேன். இந்தக் கல் 25 டிகிரி பக்கம்தான் சரியாகப் பாடும். சூடு ஏறினாலும் குறைந்தாலும் தாமதிக்கும். எட்டு நாளாக ஏசிக்கு நேர் கீழே என் பையில் கிடந்திருக்கிறது. மனுஷன் கையில் இருக்க வேண்டியது.

என் கையில் கட்டிக்கொண்டேன். இரண்டு ஓட்டை தள்ளிப் போட வேண்டியிருந்தது.

பிப்ரவரி 20
வார்டுக்கு மாற்றிவிட்டார்கள்!

பிப்ரவரி 22
கண்ணால் தொடர்கிறார். பேச்சு இல்லை. என் பெயரைச் சொல்ல முயன்று, வராமல், சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். பேச்சுப் பயிற்சி கொடுக்க வந்த பெண் சொன்னார்: பேச வராதவர்களுக்கும் சில சமயம் பாட வரும், பழக்கமான எதையாவது முணுமுணுத்துப் பாருங்கள். சித்தி அழுதாள். எனக்கு ஒரே மெட்டுதான் தெரியும், வேலை செய்யும்போது அவர் வாய்க்குள்ளேயே இழுப்பது. அதற்கு வார்த்தை கிடையாது.

பிப்ரவரி 23
விடியற்காலை. "ஏட்டி, எந்திரி" என்று சித்தி உலுக்கினாள். அவர்தான். தொண்டைக்குள் அந்த மெட்டு. மேலே ஏறும் இடத்தில் அறுந்தது. மறுபடி முதலிலிருந்து, மறுபடி அங்கேயே அறுந்தது. கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு அந்த இடத்தை மட்டும் நான் மெல்லச் சொன்னேன். அவர் வாங்கிக்கொண்டு மேலே போனார். நான்கு தடவை.

பிப்ரவரி 24
நீலி சுத்தியலைக் கீழே வைத்துவிட்டாள். இன்னும் ஒன்றும் கேட்கவில்லை.

பிப்ரவரி 26
டப்பா கிடைத்தது, கடை மேஜையின் கடைசி இழுப்பறையில். அவர் உள்ளங்கையில் கொட்டினேன். இடது கை, அதுதான் மூடித் திறக்கிறது. ஒன்றை எடுத்துக் காதருகில் கொண்டுபோனார். பிறகு என் காதருகில்.