இடது தோள் வலிக்கிறது

என் மகள் தொடக்கநிலை ஐந்தில் படிக்கிறாள். போன மாதம் தமிழ்க் கட்டுரைக்கு 'எனக்கு ஓர் அதிசய சக்தி கிடைத்தால்' என்று தலைப்பு கொடுத்திருந்தார்கள். மற்ற பிள்ளைகள் பறப்பதையும் மாயமாய் மறைவதையும் எழுத, இவள் அந்தச் சக்தியை எனக்குக் கொடுத்துவிட்டாள். கதையில் அப்பா ஒரு தூங்குமூஞ்சி மரத்தில் காதை வைக்கிறார். "இடது தோள் வலிக்கிறது, கீழே நிற்கிறவர்களைத் தள்ளிப் போகச் சொல்லுங்கள்" என்கிறது மரம். அப்பா எல்லாரையும் விலக்குகிறார். கிளை விழுகிறது. யாருக்கும் அடி இல்லை.

நோட்டை மூடிய பிறகும் அந்த இடது தோள் என் மனசை விட்டுப் போகவில்லை.

சிங்கப்பூரில் 11 வருடமாக நான் மரம் பார்க்கிறேன். சாலையோரம், கார்ப்பேட்டை, வீவக (அரசு அடுக்குமாடி வீடுகள்) புளோக்குகளுக்கு நடுவே நிற்கும் மரங்களைப் பரிசோதித்து, எது நிற்கும், எதை வெட்டிக் குறைக்க வேண்டும், எதை எடுத்துவிட வேண்டும் என்று எழுதிக் கொடுப்பது வேலை. இதை எனக்குக் கற்றுக் கொடுத்தவர் ஆலங்குடிப் பக்கத்து அண்ணன் ஒருவர். அது பலாப்பழத்துக்குப் பேர் போன ஊர். பழத்தைத் தட்டியே உள்ளே பழுத்திருக்கிறதா என்று சொல்லும் வீட்டில் பிறந்தவர். மரச்சுத்தியலை எடுத்து அடிமரத்தைச் சுற்றி அரையடிக்கு ஒரு தட்டு தட்டுவார். இறுகிய மரம் 'டக் டக்' என்று திருப்பிச் சொல்லும். திடீரென்று ஓர் இடத்தில் 'தொம்' என்று குரல் இறங்கும். அங்கே நின்றுவிடுவார். இடது உள்ளங்கையைப் பட்டையில் அழுத்தி, வலது கையால் மறுபடி தட்டுவார். "காதை விடக் கைக்கு நல்லாக் கேக்கும் தம்பி" என்பார்.

மரத்தின் உடம்பைப் படிக்கவும் அவர்தான் சொல்லித் தந்தார். உள்ளே உளுத்துப்போனால் மரம் சும்மா இருப்பதில்லை. பாரம் அழுத்துகிற இடத்தில் வெளிப்பக்கமாகக் கூடுதல் மரம் வளர்த்துக்கொள்ளும். காலில் அடிபட்டவன் மறுகாலில் ஊன்றி நடப்பதைப் போல. அடிமரம் பானை மாதிரி உப்பியிருந்தால் உள்ளே பொந்து இருக்கலாம். நெடுக ஒரு வரப்பு ஓடினால் அதன் கீழே விரிசல் இருக்கலாம். வேர்க்கழுத்தில் காளான் தட்டுத் தட்டாக முளைத்திருந்தால் அன்று மதியச் சாப்பாடு தள்ளிப் போகும். சந்தேகம் வந்தால் கருவி இருக்கிறது. அடிமரத்தைச் சுற்றி உணரிகளைப் பொருத்தித் தட்டினால், நல்ல மரத்தில் ஒலி வேகமாக ஓடும், பொந்தைச் சுற்றிப் போக நேரம் எடுக்கும். அந்த வித்தியாசத்தைத் திரையில் நிறம் நிறமாகக் காட்டும். அண்ணன் கை வைத்த இடமும் கருவி காட்டிய இடமும் ஒன்றாக இருந்ததைப் பல தடவை பார்த்திருக்கிறேன். தமிழ்ப் பையன்கள் அவரை 'மரத்தோட பேசுறவர்' என்றார்கள். அவர் மறுத்ததே இல்லை.

அவர் ஊருக்குப் போன பிறகு நடந்தது இது. ஒரு குடியிருப்புப் பேட்டையில் ஓர் அங்சானா மரம். அடர்ந்த இலை, ஒரு காளான் கிடையாது. மழை தூறிக்கொண்டிருந்தது, இன்னும் எட்டு மரம் பாக்கி. இரண்டு தட்டு தட்டிவிட்டு 'நல்ல நிலை' என்று எழுதினேன். மூன்று வாரம் கழித்து விடியற்காலையில் சுமத்ரா காற்று என்கிற சூறைக்காற்று அடித்தபோது அது அடியோடு முறிந்து நடைபாதையில் கிடந்தது. துப்புரவு வேலை பார்க்கும் அக்கா அந்த இடத்தைக் கூட்டி முடித்துக் கால்மணி நேரம்தான் ஆகியிருந்தது. முறிந்த வாயில் கரையான் மண். என் இரண்டு தட்டும் மறுபக்கத்தில் விழுந்திருந்தன. அன்றைக்கு அந்தச் சக்தி எனக்கு வேண்டும் என்று நிஜமாகவே ஏங்கினேன்.

சுத்தியல் மண்ணுக்கு மேலேதான் கேட்கும். வேர் என்ன சொல்கிறது என்று தட்டித் தெரிந்துகொள்ள முடியாது. 2017 பிப்ரவரியில் சிங்கப்பூர் பூமலையில், அதாவது தாவரவியல் பூந்தோட்டத்தில், 270 ஆண்டுக்கு மேல் நின்ற தெம்புசு மரம் வேரோடு சாய்ந்து ஓர் உயிர் போனது. அதற்கப்புறம் பெரிய மரம் எதன் கீழே நின்றாலும் முதலில் தரையைத்தான் பார்க்கிறேன், மண் வெடித்திருக்கிறதா, ஒருபக்கம் எழும்பியிருக்கிறதா என்று.

செடிகள் ஒலி எழுப்புவது உண்மை. டெல் அவிவ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2023-ல் வெளியிட்டார்கள். தண்ணீர் இல்லாமல் வாடும் தக்காளி, புகையிலைச் செடிகள் மணிக்குப் பல தடவை 'டிக்' என்கின்றன, மனிதக் காதுக்கு எட்டாத அளவு கூரிய ஒலியில். தண்டுக்குள் நீர் ஏறும் குழாய்களில் காற்றுக்குமிழ் வெடிப்பதால் இருக்கலாம் என்கிறார்கள். மகளிடம் சொன்னேன். "அப்போ வெட்டும்போதும் சத்தம் போடுமாப்பா?" என்று கேட்டாள். தண்டை வெட்டிய செடிகளும் ஒலி எழுப்பின என்று அதே ஆய்வில் இருக்கிறது. மறைக்காமல் சொன்னேன்.

அவள் கட்டுரையில் செயின்சாவே இல்லை. என் வேலையில் இருக்கிறது. மரம் பேசுவது காதில் விழுந்தால் அந்த நாள்களில் என்னால் வேலை செய்ய முடியாது.

மரம் எடுக்கும் நாளில் அண்ணன் முதல் ஆளாகப் போய்ப் பட்டையில் கை வைத்து, "தாயி, மன்னிச்சுக்க. உன் மேல குடியிருக்கிறவுக எல்லாம் வேற எடம் பாத்துக்கங்க" என்பார். அவர் ஊரில் ஆசாரிகள் அப்படிச் சொல்லிவிட்டுத்தான் கோடாலி வைப்பார்களாம். அப்புறம் மேலே ஆள் ஏறிக் கூடு இருக்கிறதா என்று பார்ப்போம்.

போன வாரம் ஒரு மரத்தில் மாங்குயில் கூடு இருந்தது, இரண்டு குஞ்சுகளோடு. வேலையைத் தள்ளி வைக்க எழுதிக் கொடுத்தேன். கீழே இறங்கி, கையுறையைக் கழற்றிவிட்டு, மழையில் நனைந்திருந்த பட்டையில் உள்ளங்கையை வைத்தேன். அண்ணனின் வார்த்தைகளை நான் இதுவரை வாய்விட்டுச் சொன்னதில்லை. இன்னும் மூன்று வாரம் கழித்து அதே மரத்துக்கு வர வேண்டும்.