கொல்லைப்புறத்தில் பந்து பிடித்த பத்து வருடம்

2015 செப்டம்பரில் ஒரு சாயங்காலம், ஒன்பதாம் வகுப்பில் இருந்த என் மகன் பள்ளியிலிருந்து வந்ததும் வராததுமாக என்னைக் கொல்லைப்புறத்துக்குக் கூப்பிட்டான். "அப்பா, வேலி ஓரமாப் போய் நில்லுங்க. நான் குனிஞ்சு போடுறேன், நீங்க பிடிங்க." கால்களை அகட்டி, தலையைக் கவிழ்த்து, இரண்டு கால்களுக்கு நடுவே பந்தைப் பின்பக்கமாக வீசினான். அது என் தலைக்கு மேல் பறந்து பக்கத்து வீட்டுத் தோட்டத்தில் போய் விழுந்தது. போய்க் கேட்டு வாங்கி வந்தேன். அன்று ஆரம்பித்தது. அதற்கப்புறம் பத்து வருடம், டாலஸுக்கு வடக்கே உள்ள எங்கள் வீட்டில் பந்து பிடிப்பது என் வேலையாகிவிட்டது.

அவன் பழகியதற்குப் பெயர் லாங் ஸ்னாப். அமெரிக்கன் ஃபுட்பாலில் பந்தை உதைக்க வேண்டிய கட்டம் வரும்போது மட்டும் களத்துக்குள் வருகிறவர் லாங் ஸ்னாப்பர். பன்ட், அதாவது பந்தைக் கையிலிருந்து விட்டு எதிரணிப் பக்கம் தூரமாக உதைப்பது என்றால், பதினைந்து யார்டு பின்னால் நிற்கும் பன்டரின் கைக்கு நேராகப் பந்து போக வேண்டும். ஃபீல்ட் கோல், அதாவது கோல் கம்பங்களுக்கு நடுவே உதைத்துப் புள்ளி எடுப்பது என்றால், ஏழெட்டு யார்டு பின்னால் மண்டியிட்டு, உதைப்பவருக்காகப் பந்தை நிறுத்திப் பிடிக்கும் ஹோல்டரின் கைக்கு. ஓர் ஆட்டத்தில் பத்துப் பன்னிரண்டு முறை களமிறங்கினாலே அதிகம். எல்லாம் சரியாகப் போனால் ஒருவரும் அவர் பெயரைச் சொல்ல மாட்டார்கள்.

எங்கள் பக்கத்துத் தமிழ்க் குடும்பங்கள் சில இப்போது பிள்ளைகளை இதில் விட்டிருக்கின்றன. எப்படி, என்ன செலவு, கடைசியில் என்ன கிடைக்கும் என்று கேட்கிறார்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

முதல் வருடம் முழுக்க நேரத்தோடு போராட்டம். பன்ட் ஸ்னாப் 0.75 விநாடிக்குள் போய்ச் சேர்ந்தால்தான் கல்லூரிக் கோச்சுகள் திரும்பிப் பார்ப்பார்கள். அவனுடையது ஒரு விநாடிக்கு மேல் எடுத்தது. தினமும் நூறு பந்து. பள்ளிப் பாடம் முடிந்து ஏழு மணிக்கு ஆரம்பித்தால் எட்டேகால் ஆகும். முதல் மாதமே என் மோதிர விரல் மடங்கி வீங்கிவிட்டது. கல்யாண மோதிரத்தைச் சோப்பு போட்டுத்தான் கழற்ற முடிந்தது.

வேகம் வந்த பிறகுதான் நுணுக்கம் புரிந்தது. ஃபீல்ட் கோலில் பந்தின் தையல் கோல் கம்பத்தைப் பார்த்து இருக்க வேண்டும். உதைப்பவரின் கால் தையலில் பட்டால் பந்து கோணிக்கொண்டு போகும். ஹோல்டர் பந்தைச் சுழற்றிச் சரிசெய்துகொண்டிருக்க நேரம் கிடையாது. ஸ்னாப்பிலிருந்து உதை வரை மொத்தமே 1.3 விநாடிதான். அதனால் பந்து ஒவ்வொரு முறையும் அதே எண்ணிக்கையில் சுற்றி, தையல் வெளிப்பக்கமாகவே கைக்கு வரும்படி ஸ்னாப்பர் வீச வேண்டும். பழைய தலையணை ஒன்றைப் போட்டு மண்டியிட்டுப் பிடிப்பேன். "தையல் எங்க இருக்கு?" என்று கேட்பான். "ரெண்டு மணிக்கு," "பன்னெண்டு மணிக்கு" என்று கடிகார முள்ளை வைத்துச் சொல்வேன். பன்னிரண்டு என்றால் சரி. நான் அரை அடி முன்னால் நகர்ந்தாலும் தையல் வேறு இடத்தில் வந்து நிற்கும். பதினொன்றாம் வகுப்பு முடிவதற்குள் பத்தில் எட்டு பன்னிரண்டு மணியில் வந்தன. பந்து உள்ளங்கையில் பட்டதுமே, கண்ணை மூடிக்கொண்டுகூட, தையல் எங்கே என்று என் கைக்குத் தெரிந்துவிடும்.

சரி, கல்லூரிக்குப் போகும் வழி. ஸ்னாப்பருக்கென்று தனிப் பயிற்சி முகாம்கள் இருக்கின்றன. யூசிஎல்ஏ கல்லூரி அணியில் ஸ்னாப்பராக இருந்த கிறிஸ் ரூபியோ நடத்தும் முகாம்கள் அதில் பெயர் பெற்றவை. லாஸ் வேகஸில் நடக்கும் முகாமுக்கு நாடு முழுவதிலிருந்தும் பையன்கள் வருவார்கள். அங்கே நட்சத்திர மதிப்பும் தரவரிசையும் கொடுக்கிறார்கள். கோச்சுகள் அதைப் பார்க்கிறார்கள், பொய்யில்லை. ஆனால் விமானம், ஓட்டல், கட்டணம் என்று வருடத்துக்கு இரண்டு மூன்று முறை போனால் பணம் தண்ணீராகக் கரையும். நாங்கள் ஒரு வருடம் நான்கு முகாம் போனோம். இரண்டு போதும் என்பது இப்போதைய என் எண்ணம்.

ஸ்காலர்ஷிப் பற்றிப் பெற்றோருக்கு முதலிலேயே தெரிந்திருக்க வேண்டும். பெரும்பாலான ஸ்னாப்பர்கள் 'ப்ரிஃபர்டு வாக்-ஆன்' ஆகத்தான் சேருகிறார்கள். அணியில் இடம் உண்டு, பணம் கிடையாது. ஆடத் தொடங்கி, நம்பிக்கை சம்பாதித்த பிறகு இரண்டாம், மூன்றாம் வருடத்தில் ஸ்காலர்ஷிப் வரலாம், வராமலும் போகலாம். என் மகனுக்கு ஒரு கல்லூரி வாய்மொழியாக இடம் உறுதி சொல்லியிருந்தது. சேர வேண்டிய சமயத்தில் வேறு கல்லூரியிலிருந்து அனுபவமுள்ள ஒருவரை எடுத்துவிட்டதாக ஒரு மின்னஞ்சல் வந்தது. அன்று இரவு என் மனைவி சாப்பிடவில்லை. மூன்று வாரம் அலைந்து இன்னொரு கல்லூரி கிடைத்தது. வாய்ச்சொல்லை நம்பி மற்றக் கதவுகளைச் சாத்தாதீர்கள். இன்னொன்று: கல்லூரி ஆட்டக்காரர்களுக்குப் பணம் கொடுப்பது பற்றி 2025-இல் வந்த ஹவுஸ் வழக்கு உடன்பாட்டுக்குப் பிறகு, அதை ஏற்ற கல்லூரிகளில் ஃபுட்பால் அணிக்கு 105 பேர் என்ற வரம்பு வந்துவிட்டது. வாக்-ஆன் இடங்கள்தான் அதில் முதலில் அடிபடுகின்றன.

2019-இல் சேர்ந்தான். அதே வருடம்தான் சிறந்த கல்லூரி ஸ்னாப்பருக்கென்று பேட்ரிக் மேனலி பெயரில் விருது தொடங்கினார்கள். மேனலி சிகாகோ பேர்ஸ் என்ற தொழில்முறை அணிக்கு 16 சீசன் ஸ்னாப் செய்தவர். அந்த அணிக்காக அதிக ஆட்டங்கள் ஆடியவர் அவர்தான். மகனின் அறையில் வேறு யார் படமும் இல்லை, அவர் படம் மட்டும் இருந்தது.

2021 அக்டோபரில் நடந்ததைச் சொல்ல வேண்டும். மழை. எங்கள் அணி தன் எல்லையிலிருந்து 18-ஆவது யார்டில் நின்றது, பன்ட் செய்ய வேண்டும். நான் காலரியில் பைனாகுலரோடு இருந்தேன். அவன் இடுப்பில் செருகிய துண்டில் கையை இரண்டு முறை துடைத்தான். குனிந்தான். பந்து கையைவிட்டுப் போன விதத்திலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. பன்டர் எம்பியும் எட்டவில்லை. கோல் கோட்டுக்குப் பின்னால் ஓடிப் போய் எடுத்தவரை அங்கேயே மடக்கினார்கள். எதிரணிக்கு இரண்டு புள்ளி. என்னைச் சுற்றி இருந்தவர்கள் அவன் சட்டை எண்ணைச் சொல்லித் திட்டினார்கள். இரண்டு வருடத்தில் அந்த எண்ணை ஒருவர் உரக்கச் சொல்லி நான் கேட்டது அன்றுதான். பத்து நிமிடம் கழித்து மறுபடி பன்ட். போனான், போட்டான், வந்தான். இரவு போனில் அவன் கேட்டது ஒன்றே ஒன்று: "அப்பா, அடுத்தது நேராப் போச்சுல்ல?"

போச்சு கண்ணா என்றேன். அன்று தூக்கம் வராமல் ட்ரே ஜங்கின் பற்றிப் படித்தேன். அமெரிக்கத் தொழில்முறை லீகான என்எஃப்எல்-லில் 19 சீசன் ஆடிய ஸ்னாப்பர். ஓய்வில் இருந்தவரை நியூயார்க் ஜயன்ட்ஸ் அவசரத்துக்கு அழைத்து வந்தது. 2003 ஜனவரி 5, சான் பிரான்சிஸ்கோவுக்கு எதிரான ஆட்டத்தின் கடைசி ஃபீல்ட் கோலுக்கு அவர் போட்ட ஸ்னாப் தவறிப்போனது. 39-38, தோல்வி. அந்த ஆட்டத்தில் ஜயன்ட்ஸ் ஒரு கட்டத்தில் 38-14 என்று முன்னால் இருந்தது. அந்த முன்னிலையைத் தொலைத்ததில் ஸ்னாப்பருக்கு என்ன பங்கு? ஆனாலும் இன்றுவரை அவர் பெயர்தான் சொல்லப்படுகிறது. எனக்கு அது பெரிய அநியாயமாகவே படுகிறது.

அடுத்த வருடம் ஸ்காலர்ஷிப் வந்தது. மகன் தொழில்முறை ஆட்டத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தான். என்எஃப்எல்-லில் 32 அணி, அணிக்கு ஒரு ஸ்னாப்பர். நாடு முழுக்க மொத்தம் 32 வேலை. அந்த வேலையில் இருப்பவர்கள் பத்து, பதினைந்து வருடம் நகர மாட்டார்கள். டாலஸ் கவ்பாய்ஸில் எல்.பி. லாதுசெர் 2005 முதல் 2020 வரை இருந்தார். அணிகள் கல்லூரி ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில் வருடத்துக்கு ஒருவர் இருவர் எடுக்கப்பட்டாலே பெரிது. ஒருவர்கூட எடுக்கப்படாத வருடங்களும் உண்டு.

உடம்பும் போதாது என்றார்கள். கல்லூரி விதியில் ஸ்னாப் ஆன நொடியே ஸ்னாப்பர் முன்னால் ஓடலாம். எதிராளி ஒரு விநாடி வரை அவர் மேல் பாயவும் கூடாது. என்எஃப்எல் பன்டில் பந்து உதைக்கப்படும் வரை இரு ஓரத்து ஆட்கள் மட்டுமே முன்னால் போகலாம். மற்றவர்கள் நின்று தடுக்க வேண்டும். குனிந்த தலையை நிமிர்த்துவதற்குள் நூற்றிருபது கிலோ ஆள் வந்து மோதுவார். 205 பவுண்டு இருந்தவன் 232-க்கு ஏற வேண்டியிருந்தது. அந்தக் கோடையில் காலையில் எட்டு இட்லி, ஐந்து முட்டை. பதினொரு மணிக்குக் கோழிச் சோறு. ராத்திரி மறுபடி சோறு. என் மனைவி நாள் தவறாமல் மாவரைத்தாள்.

ஏஜென்ட் கிடைப்பதும் கஷ்டம். கமிஷன் அதிகபட்சம் 3 சதவீதம். ஸ்னாப்பரின் சம்பளத்தில் அது அவர்களுக்குக் கட்டுபடியாவதில்லை. ஒருவர் முன்வந்தார், பயிற்சிச் செலவு எங்களுடையது என்ற நிபந்தனையோடு. 2024 மார்ச்சில், என்எஃப்எல் ஆட்கள் வந்து சோதித்துப் பார்க்கும் கல்லூரியின் ப்ரோ டே. ஏப்ரல் கடைசியில் டெட்ராய்டில் டிராஃப்ட். மூன்று நாளும் டிவி முன்னால் இருந்தோம். அழைப்பு இல்லை. அப்புறம் ஓர் அணி புதியவர்களுக்கான மினி கேம்ப்பில் மூன்று நாள் ட்ரைஅவுட்டுக்குக் கூப்பிட்டது. ஒப்பந்தம் கிடையாது, பார்க்கத்தான். கோச் கைகுலுக்கி, போனை அணைத்து வைக்காதே என்று சொல்லி அனுப்பினார். கிடைத்திருந்தால் அந்த வருடத்துக் குறைந்தபட்சச் சம்பளம் 795,000 டாலர். இல்லையென்றால் ஒன்றுமில்லை. நடுவில் படி என்று எங்களுக்கு எதுவும் வாய்க்கவில்லை.

சீசன் நடுவில் அணிகள் வெளியாட்களைச் சோதிப்பது பெரும்பாலும் செவ்வாய்க்கிழமை. அக்டோபரில் ஒரு செவ்வாய் கூப்பிட்டார்கள். நான்கு ஸ்னாப்பர்கள் வரிசையில் நின்றார்களாம். உதைக்கென்றே 'கே' எழுத்து அச்சிட்ட வழுக்கும் பந்து, ஆளுக்கு இருபது. ஒருவரை எடுத்தார்கள். இவனுடைய இருபதும் நேராகத்தான் போயிருக்கின்றன. இன்னொருவருக்கு என்எஃப்எல் அனுபவம் இருந்தது. நவம்பரில் இன்னொரு செவ்வாய், அதே கதை. 2025 ஆகஸ்டில் ஏஜென்டுக்கு அவனே போன் செய்து நன்றி சொல்லி முடித்துக்கொண்டான். இப்போது உயர்நிலைப் பள்ளியில் கணக்கு வாத்தியார், அங்கேயே கோச். அவனுக்கு வருத்தம் உண்டு. எனக்கும் உண்டு.

சனிக்கிழமைகளில் அவனிடம் மூன்று பையன்கள் ஸ்னாப் பழக வருகிறார்கள். போன வாரம் ஒரு பையனின் அப்பா என்னென்ன வாங்க வேண்டும் என்று கேட்டார். ஆறு பந்து வாங்குங்கள், இரண்டைத் தண்ணீரில் நனைத்து வையுங்கள், மண்டிக்கு ஒரு தலையணை வேண்டும் என்றேன். கிளம்பும்போது அவர் கையைப் பார்த்துவிட்டு, மோதிரத்தை இன்றைக்கே கழற்றி வைத்துவிடுங்கள் என்றும் சொன்னேன்.