சான் பிரான்சிஸ்கோ மூடுபனி வரைபடம்: ஆறாவது வாரம்

தினமும் காலை எட்டு மணிக்கு கோஸ்-18 செயற்கைக்கோள் படத்தை எடுத்து, பனியாகத் தெரியும் வெள்ளைத் திட்டின் ஓரத்தைக் கோடாக வரைந்து சேர்த்து வருகிறேன். ஐந்து வாரக் கோடுகளையும் அடுக்கிப் பார்த்தால் பனி நுழையும் வாசல்கள் தெரிகின்றன. கோல்டன் கேட் நீரிணை வழியாக ஒரு நாக்கு நேரே எதிர்க்கரையில் உள்ள பெர்க்லி பக்கம் நீள்கிறது. தெற்கே, சான் புருனோ மலையோரப் பள்ளத்தின் வழியே இன்னொன்று விமான நிலையம் வரை வருகிறது.

ஆனால் போன வாரம் ஒரு சிக்கல். படத்தில் பெர்க்லி முழுக்க வெள்ளை. அங்கே இருக்கும் நண்பரோ, "வானம்தான் மூடியிருக்கு, தெருவில் பனியே இல்லை" என்றார். செயற்கைக்கோள் பார்ப்பது மேகத்தின் முதுகை மட்டுமே. வயிறு எந்த உயரத்தில் தொங்குகிறது என்பது அதில் தெரியாது. மேகம் தரையைத் தொடும் இடம்தானே மூடுபனி!

அதனால் இப்போது இரண்டு உயரங்களைச் சேர்க்கிறேன். அடிப்பகுதிக்கு மெட்டார் எனப்படும் விமான நிலைய வானிலை அறிக்கை: 'ஓவிசி 007' என்றிருந்தால், வானம் முழுக்க மூடிய மேகத்தின் வயிறு 700 அடியில். மேற்பகுதிக்கு ஓக்லண்டில் காலை ஐந்து மணிவாக்கில் பறக்கும் வானிலை பலூன். ஆழத்திலிருந்து மேலெழும் குளிர்நீர் கடலோரக் காற்றைக் குளிர்விக்கிறது. அதன் மேல் பசிபிக் கடல்மேல் உள்ள உயரழுத்த மண்டலத்தின் வெப்பக் காற்று மூடிபோல உட்கார்ந்திருக்கிறது. பலூன் ஏறும்போது வெப்பநிலை குறைவது நின்று சட்டென்று கூடத் தொடங்கும் இடமே மேகத்தின் உச்சி. இந்த இரு உயரங்களுக்கும் இடைப்பட்ட, ஒரே உயர இடங்களை இணைக்கும் சமஉயரக் கோடுகளுக்குள் சாம்பல் நிறம் பூசினேன். அதுதான் பனி வரைபடம்.

சனிக்கிழமை கணக்கு 700 முதல் 1,400 அடி. சுமார் 920 அடி உயர ட்வின் பீக்ஸ் குன்று சாம்பலுக்குள் விழுந்தது. ஏறிப் போனேன். கண்ணாடியில் துளிகள் கோத்து நின்றன. பக்கத்திலேயே இருக்கும் சுட்ரோ டவர் என்ற ஒளிபரப்புக் கோபுரம் தெரியவே இல்லை. கீழே காஸ்ட்ரோ பகுதியில் தெரு காய்ந்து கிடந்தது. அந்தச் சாம்பல் ஓரத்தை நடந்தே கடந்தபோது வந்த சந்தோஷம் கொஞ்சமில்லை.

மறுநாளும் கணக்கு ஏறக்குறைய அதேதான். டமால்பைஸ் மலையிலிருந்து தொலைநோக்கியில் பார்த்தேன். கடல்மட்டத்திலிருந்து 1,811 அடிவரை எட்டும் சுட்ரோ டவரின் மூன்று கொம்புகளும் வெண்பரப்புக்கு மேலே நின்றன. நல்ல அளவுகோல் அது.

இன்னும் சரியாகாதது கடற்கரை ஓரம். அங்கே மேகம் தாழ்ந்திருக்கிறது, விமான நிலைய எண் பொருந்தவில்லை. அடுத்த வாரம் ஹாஃப் மூன் பே மெட்டாரையும் சேர்க்கப் போகிறேன். அந்த எண் தரையிலிருந்து அளந்தது என்பதால், ஓடுதளத்தின் உயரத்தையும் கூட்ட வேண்டும்.